கோல் போட்டவர் பெயர் தெரியும், தடுத்தவர் பெயர் தெரியுமா? கோவையில் கோப்பை தூக்கிய கேப்டன் சத்யனின் கதை

கோவை:

கால்பந்தில் கோல் போட்டவர் பெயரைச் சின்னப் பையன் கூட சொல்வான். கோல் விழாமல் தடுத்தவர் யார் என்று கேட்டால் பெரியவர்களே தலையைச் சொறிவார்கள்.

பின்னால் நின்று தடுக்கிற ஆளுக்கு 'டிபன்டர்' என்று பெயர். இந்தப் பிழைப்பு எத்தனை வயசு வரைக்கும் ஓடும்? காசு கிடைக்குமா? உடம்பு தாங்குமா? ஆட்டம் நின்ற பிறகு சோத்துக்கு என்ன வழி? மாவட்ட அணித் தேர்வுக்கு மகனை பைக்கில் உட்கார வைத்து அழைத்துப் போகிற அப்பாக்கள் கேட்கிற கேள்விகள் இவை.

இதற்குப் பதில் தேடி இத்தாலிக்கும் இங்கிலாந்துக்கும் போக வேண்டாம். கோவையிலும் சென்னையிலும் கோப்பை, பதக்கம் வாங்கி, சென்னையிலேயே வேலை பார்த்து, சென்னையிலேயே மறைந்த ஒரு டிபன்டர் இருக்கிறார். அவர்தான் வி.பி.சத்யன். இந்திய கால்பந்து அணியின் முன்னாள் கேப்டன். அவர் வாழ்க்கையைப் பார்த்தாலே பாதி விஷயம் விளங்கி விடும்.

மாகி பக்கத்துப் பையன்

கேரள மாநிலம் கண்ணூர் மாவட்டத்தில், புதுச்சேரியோடு சேர்ந்த மாகி ஊருக்குப் பக்கத்தில் சொக்லி என்று ஒரு இடம். சத்யன் பிறந்தது அந்தப் பக்கம். 1965-ம் ஆண்டு ஏப்ரல் 29-ந்தேதி.

மலபாரில் கால்பந்து என்றால் நம்ம ஊர் திருவிழா மாதிரி. அறுவடை முடிந்த வயலில் மூங்கில் கேலரி கட்டி, ஆளுக்கு ஏழு பேர் ஆடுகிற 'செவன்ஸ்' போட்டி ராத்திரி விளக்கு வெளிச்சத்தில் நடக்கும். டிக்கெட் வாங்கித்தான் உள்ளே போகணும். அப்படிப்பட்ட மண்ணில் நன்றாக ஆடுகிற பையனுக்கு ஒரு கனவு உண்டு. எப்படியாவது ஒரு டிபார்ட்மென்ட் அணியில் சேர்ந்து விட வேண்டும். போலீஸ், ரயில்வே, வங்கி, டைட்டானியம் கம்பெனி, எதுவாக இருந்தாலும் சரி. ஆட்டத்துக்காக வேலை. வேலைக்காக ஆட்டம்.

சத்யன் கேரள போலீஸ் அணிக்குப் போனார். 1980-களில் அந்த அணி சாதாரண அணி இல்லை. ஐ.எம்.விஜயன், பாப்பச்சன், ஷரப் அலி, குரிகேஷ் மாத்யூ என்று ஒரு பட்டாளமே காக்கிச்சட்டை சம்பளத்தில் ஆடியது. 1990-ல் திருச்சூரில் நடந்த பெடரேஷன் கோப்பை பைனலில் கோவாவின் சல்கோகர் அணியை 2-1 என்று சாய்த்தார்கள். அடுத்த வருஷம் கண்ணூரில் மும்பை மகிந்திரா அணியை 2-0 என்று ஜெயித்து மறுபடியும் கோப்பை. கேரளாவில் இருந்து ஒரு அணி அந்தக் கோப்பையை முதல் தடவையாக வாங்கியது 1990-ல்தான்.

அந்த அணியில் கோல் போட விஜயன், பாப்பச்சன். கோலை விடாமல் பார்த்துக் கொள்ள சத்யன்.

ஸ்டாப்பர் பேக் என்றால் என்ன?

சத்யன் ஆடிய இடத்துக்கு அந்தக் காலத்தில் 'ஸ்டாப்பர் பேக்' என்று பெயர். இப்போது 'சென்டர் பேக்' என்கிறார்கள். கோல் கீப்பருக்கு முன்னால், நட்ட நடுவில், கோல் கம்பத்துக்கு நேராக நிற்கிற ஆள். எதிரணியின் சிறந்த ஆட்டக்காரன் யாரோ அவன் இவர் மேல்தான் வந்து மோதுவான்.

பார்க்கிறவர்களுக்கு இந்த வேலை பந்தை ஓங்கி உதைத்து வெளியே அனுப்புவது மாதிரி தெரியும். அது கடைசி வழி. நல்ல டிபன்டர் அந்த நிலைமை வராமலே பார்த்துக் கொள்வார். பந்து வந்து சேர்வதற்கு ரெண்டு செகண்டுக்கு முன்னாடியே அது எங்கே வரும் என்று கணித்து அங்கே போய் நிற்பார். எதிராளி பார்த்து விட்டு, "இந்தப் பக்கம் வழி இல்லை" என்று பந்தை வேறு பக்கம் திருப்பி விடுவான். அங்கே ஒரு கோல் காப்பாற்றப்பட்டது. ஆனால் யாரும் கை தட்ட மாட்டார்கள். ஏனென்றால் கண்ணுக்கு ஒண்ணுமே நடக்கவில்லை!

எதிராளி காலை இப்படி அப்படி ஆட்டிப் போக்குக் காட்டுவான். அதைப் பார்த்து ஏமாறாதே, அவன் இடுப்பைப் பார் என்று கோச்சுகள் சொல்லித் தருவது வழக்கம். கால் பொய் சொல்லும், இடுப்பு பொய் சொல்லாது. அவன் எந்தப் பக்கம் திரும்பப் போகிறான் என்பதை இடுப்பு காட்டிக் கொடுத்து விடும்.

இன்னொரு வேலை, கத்துவது. மைதானம் முழுக்க கண்ணுக்குத் தெரிகிற மாதிரி நிற்பவர் கீப்பருக்கு அடுத்து ஸ்டாப்பர்தான். "இடது பக்கம் ஆள் வர்றான்", "மேலே ஏறு", "விடு, கீப்பர் எடுப்பார்" என்று தொண்ணூறு நிமிஷமும் தொண்டை வறள கத்திக் கொண்டே இருக்க வேண்டும். பல அணிகளில் கேப்டன் பட்டை இந்த ஆள் கையில் ஏறுவதற்கு இதுதான் காரணம். சத்யன் கையிலும் அப்படித்தான் ஏறியது.

அடுத்து ஆப்சைடு. இது பலருக்குக் குழப்பம். சுருக்கமாகச் சொன்னால், பந்து அனுப்பப்படுகிற அந்த நொடியில், எதிரணிப் பக்கத்தில் முன்னால் நிற்கிற ஆளுக்கும் கோல் கோட்டுக்கும் நடுவில் எதிரணியினர் குறைந்தது ரெண்டு பேர் இருக்க வேண்டும். பொதுவாக கீப்பர் ஒருவர், டிபன்டர் ஒருவர். இல்லை என்றால் ஆப்சைடு, பந்து நம்ம கைக்கு வந்து விடும். டிபன்டர்கள் நாலு பேரும் ஒரே கோட்டில் நின்று சட்டென்று ஒரு எட்டு முன்னால் ஏறினால் எதிராளி ஆப்சைடு வலையில் மாட்டுவான். நாலு பேரில் ஒருத்தர் அசந்தால் போச்சு.

சட்டம் மாறிய பத்து வருஷம்

சத்யன் ஆடிய காலம் டிபன்டர்களுக்கு சோதனையான காலம் என்பது நிறைய பேருக்குத் தெரியாது. உலக அளவில் விதிகள் ஒன்றன் பின் ஒன்றாக டிபன்டர் தலையிலேயே விழுந்தன.

1990-க்கு முன்னால் எதிராளி டிபன்டருக்குச் சரிசமமாக நின்றால் கூட ஆப்சைடு. 1990-ல் அதை மாற்றினார்கள். சமமாக நின்றால் ஆப்சைடு இல்லை. ஒரு அடி தூர சலுகை எதிராளிக்குப் போய் விட்டது.

1992-ல் இன்னொரு அடி. அது வரைக்கும் டிபன்டருக்கு நெருக்கடி வந்தால் பந்தைத் தன் கீப்பரிடம் தட்டி விடுவார், கீப்பர் கையில் பிடித்துக் கொள்வார், பிரச்சினை தீர்ந்தது. நம்ம ஆள் காலால் வேண்டுமென்றே அனுப்பும் பந்தை கீப்பர் கையால் தொடக் கூடாது என்று அந்த வருஷம் விதி வந்தது. இருபது, இருபத்தைந்து வயசு வரைக்கும் ஒரு பழக்கத்தில் வளர்ந்தவர்கள் ஒரே ராத்திரியில் காலை மாற்றிக் கொள்ள வேண்டியதாகி விட்டது. சத்யனுக்கு அப்போது வயசு 27.

1998 உலகக் கோப்பை சமயத்தில் பின்னால் இருந்து ஆபத்தாக காலை விட்டுத் தடுத்தால் சிவப்பு அட்டை என்று கறாராக்கினார்கள். ஆட்டம் விறுவிறுப்பாக வேண்டும், கோல் நிறைய வேண்டும் என்பதுதான் இந்த மாற்றங்களுக்கெல்லாம் காரணம். பார்ப்பவர்களுக்கு நல்லதுதான். டிபன்டருக்கு மட்டும் வேலை ரெட்டிப்பு.

கோவையில் 1992

இப்போது நம்ம ஊருக்கு வருவோம்.

மாநில அணிகள் மோதுகிற சந்தோஷ் டிராபி போட்டியில் கேரளா 1973-ல் ஒரே ஒரு தடவை ஜெயித்திருந்தது. அதற்குப் பிறகு கோப்பை எட்டாக்கனி. அதிலும் 1988-ல் இருந்து 1991 வரை தொடர்ந்து நாலு பைனலுக்கு வந்து நாலிலும் தோற்றார்கள். பஞ்சாபிடம், வங்காளத்திடம், கோவாவிடம், மராட்டியத்திடம். நாலாவது பைனல் சொந்த மண்ணான பாலக்காட்டில். எப்படி இருந்திருக்கும் என்று யோசித்துப் பாருங்க.

1992-ல் போட்டி கோவையில். பாலக்காட்டில் இருந்து ஒரு மணி நேர பஸ் தூரம்தான். கேரளா மறுபடியும் பைனலுக்கு வந்தது. கேப்டன் சத்யன். எதிரே கோவா. 3-0 என்று கேரளா ஜெயித்தது. 19 வருஷத்துக்குப் பிறகு கோப்பை.

மூன்று கோல் போட்டதைப் பேசுவார்கள். அந்த ஸ்கோரில் வலது பக்கம் ஒரு பூஜ்யம் இருக்கிறதே, அதுதான் ஸ்டாப்பர் பேக்கின் கையெழுத்து. கோவா அந்தக் காலத்தில் லேசுப்பட்ட அணி இல்லை என்பதும் குறிப்பிடத்தக்கது.

போலீசை விட்டு கொல்கத்தா பக்கமும் போய் முகமதன் ஸ்போர்ட்டிங், மோகன் பகான் கிளப்புகளுக்கு ஆடினார் சத்யன். பிறகு சென்னைக்கு வந்தார். இந்தியன் வங்கியில் வேலை. வங்கி அணியில் ஆட்டம்.

1995 டிசம்பரில் சென்னையில் தெற்காசிய விளையாட்டுப் போட்டி நடந்தது. கால்பந்து பைனலில் இந்தியா, வங்கதேசத்தை 1-0 என்று ஜெயித்து தங்கம் வாங்கியது. அந்த ஒரே கோலைப் போட்டவர் தமிழக வீரர் சபீர் பாஷா. இந்திய அணியின் கேப்டன் சத்யன். கேரளாவுக்கு கோவையில் கோப்பை, இந்தியாவுக்கு சென்னையில் தங்கம். கேப்டனாக அவர் வாங்கிய ரெண்டு பெரிய வெற்றியும் தமிழ்நாட்டு மண்ணில் கிடைத்தவை.

அகில இந்திய கால்பந்து சம்மேளனம் அவருக்கு ஆண்டின் சிறந்த வீரர் விருதும் கொடுத்தது. டிபன்டருக்கு இது சுலபமாக வராத விருது. உலக அளவில் பார்த்தால் இது இன்னும் நன்றாகப் புரியும். 1956-ல் இருந்து கொடுக்கப்படும் 'பாலன் டி ஓர்' விருதை வாங்கிய டிபன்டர்களை விரல் விட்டு எண்ணி விடலாம். ஜெர்மனியின் பெக்கன்பவர், 1972 மற்றும் 1976. ஜெர்மனியின் சாமர், 1996. இத்தாலியின் கன்னவாரோ, 2006. அதற்குப் பிறகு 2025 வரைக்கும் ஒரு டிபன்டர் கூட வாங்கவில்லை.

நம்ம நாட்டிலும் பழைய கதை ஒன்று உண்டு. 1962-ல் ஜகார்த்தா ஆசிய விளையாட்டில் இந்தியா தங்கம் வாங்கிய அணியில் ஜர்னைல் சிங் என்ற ஸ்டாப்பர் இருந்தார். தாய்லாந்தோடு ஆடும்போது தலையில் அடிபட்டுத் தையல் போட்டார்கள். தையலோடு அவரை முன்வரிசைக்கு அனுப்பினார் கோச். பைனலில் தென் கொரியாவுக்கு எதிராக அவர் ஒரு கோல் போட்டார். இன்றைக்கும் ஜர்னைல் சிங் என்றதும் அந்த கோலைத்தான் சொல்கிறார்கள். டிபன்டர் பெயர் நிலைக்க அவரே முன்னால் போய் கோல் போட வேண்டியதாக இருக்கிறது!

ஒரு தப்பு போதும்

ஸ்டிரைக்கர் பத்து வாய்ப்பில் ஒன்பதை வீணாக்கி ஒன்றைப் போட்டால் ஹீரோ. டிபன்டர் பத்தில் ஒன்பதைத் தடுத்து ஒன்றை விட்டால் வில்லன். இந்தக் கணக்கு எந்த நாட்டிலும் மாறவில்லை.

இதன் உச்சக்கட்டம் கொலம்பியாவில் நடந்தது. 1994 அமெரிக்க உலகக் கோப்பையில் ஆந்த்ரே எஸ்கோபார் என்ற டிபன்டர், குறுக்கே வந்த பந்தைத் தடுக்கக் காலை நீட்டினார். பந்து திசை மாறித் தன் அணியின் கோலுக்குள்ளேயே போய் விட்டது. கொலம்பியா போட்டியை விட்டு வெளியேறியது. ஊர் திரும்பிய அவரை ஜூலை 2-ந்தேதி மெடலின் நகரில் சுட்டுக் கொன்று விட்டார்கள். கோல் விழுந்து பத்தே நாள். வயசு 27. அந்தப் பந்தை விட்டிருந்தாலும் பின்னால் இருந்த எதிராளி கோல் போட வாய்ப்பு இருந்தது. தடுக்கப் போனதுதான் அவர் செய்தது.

நம்ம ஊரில் யாரும் சுட மாட்டார்கள். ஆனால் பஸ்சில் திரும்பி வரும்போது பையனை யாரும் பேச மாட்டார்கள். அந்த வயசில் அதுவே பெரிய அடி.

முட்டிக்குள் என்ன நடக்கிறது?

டிபன்டருக்கு ஆயுசு கூட என்று ஒரு பேச்சு உண்டு. வேகம் குறைந்தாலும் அனுபவத்தை வைத்து ஓட்டலாம் என்பார்கள். உண்மைதான். இத்தாலியின் பாவ்லோ மால்டினி 16 வயசில் ஏ.சி.மிலன் அணிக்கு ஆட வந்து 2009-ல் ஓய்வு பெறும்போது 40-ஐத் தாண்டி விட்டார். ஒரே கிளப்புக்கு 902 ஆட்டம். அவர் விதிவிலக்கு. மற்றவர்களுக்கு முப்பதைத் தாண்டியதும் முட்டி பேச ஆரம்பித்து விடும்.

ஏன் முட்டி? டிபன்டரின் ஓட்டம் நேர் ஓட்டம் இல்லை. பின்பக்கமாக ஓடுவார். எதிராளி திரும்பினால் அவனைப் பார்த்து இவரும் சடாரென்று திரும்ப வேண்டும். பூட்சின் ஆணி மண்ணில் பதிந்திருக்கும், உடம்பு மட்டும் திரும்பும். அந்த முறுக்கு முழுவதும் முட்டியில் இறங்கும். முட்டிக்குள்ளே தொடை எலும்பையும் கீழ்க்கால் எலும்பையும் குறுக்காக இழுத்துப் பிடித்திருக்கும் ஒரு ஜவ்வு இருக்கிறது. ஏ.சி.எல். என்பார்கள். யாரும் இடிக்காமலே, வெறுமனே திரும்பும்போது அது 'டப்' என்று அறுந்து போவது சகஜம். ஆபரேஷன் செய்து, பயிற்சி எடுத்து, மறுபடி களத்தில் இறங்க ஒன்பது மாசம் வரை ஆகும். சிலருக்கு ஒரு வருஷம்.

எலும்புக்கு நடுவில் மெத்தை மாதிரி இன்னொரு பஞ்சு போன்ற சதை இருக்கிறது. அது கிழிந்து தேய்ந்தால் நாற்பது வயசிலேயே அறுபது வயசு முட்டி வந்து விடும். படி ஏற முடியாது, சம்மணம் போட முடியாது.

இப்போது ஆடுகிறவர்களில் சந்தேஷ் ஜிங்கன் பெயர் எல்லாருக்கும் தெரியும். சண்டிகரில் பிறந்தவர், கேரளா பிளாஸ்டர்ஸ் அணியில் பெயர் வாங்கியவர். 2019 அக்டோபரில் முட்டி ஜவ்வு அறுந்தது. ஒரு சீசன் முழுக்கப் போச்சு. 2021-ல் குரோஷியா நாட்டு கிளப்புக்குப் போனார். அங்கேயும் காயம், ஒரு லீக் ஆட்டம் கூட ஆடாமல் திரும்பினார். 2024 ஜனவரியில் ஆசிய கோப்பையில் மறுபடி முட்டியில் காயம். ஒவ்வொரு தடவையும் திரும்பி வந்தார். அவருக்குப் பின்னால் டாக்டர், பிசியோதெரபிஸ்ட், ஜிம், கிளப் பணம் எல்லாம் இருந்தது. சத்யன் காலத்து ஆட்டக்காரர்களுக்கு அதெல்லாம் கிடையாது. ஐஸ் கட்டி, எண்ணெய், கட்டு. அடுத்த ஆட்டம்.

தலையும் சும்மா இல்லை

பெற்றோர்கள் முக்கியமாகப் படிக்க வேண்டிய இடம் இது.

உயரத்தில் வரும் பந்தைத் தலையால் முட்டித் தள்ளுவது ஸ்டாப்பரின் தினசரி வேலை. பந்தின் எடை 410-ல் இருந்து 450 கிராம். கீப்பர் ஓங்கி உதைத்து மேலிருந்து இறங்கும் பந்து அது. ஆட்டத்தில் மட்டும் இல்லை, பயிற்சியில் திரும்பத் திரும்ப முட்ட வேண்டும்.

ஸ்காட்லாந்தில் கிளாஸ்கோ பல்கலைக்கழகத்தைச் சேர்ந்தவர்கள் சுமார் 7,600 முன்னாள் தொழில்முறை கால்பந்து வீரர்களின் பதிவுகளை ஆராய்ந்தார்கள். 2019-ல் வந்த முடிவு, மறதி நோய் போன்ற மூளை தேயும் வியாதிகளால் இவர்கள் இறப்பது மற்றவர்களை விட சுமார் மூன்றரை மடங்கு அதிகம் என்று சொன்னது. 2021-ல் எந்த இடத்தில் ஆடியவர்களுக்கு எவ்வளவு என்று பிரித்துப் பார்த்தார்கள். கோல் கீப்பர்களுக்கு சொல்லிக் கொள்கிற மாதிரி வித்தியாசம் இல்லை. டிபன்டர்களுக்கு சுமார் ஐந்து மடங்கு!

அதே 2021-ல் இங்கிலாந்தில், பயிற்சியில் வேகமான ஹெடிங் வாரத்துக்கு பத்துதான் என்று வழிகாட்டுதல் வந்தது. அமெரிக்காவில் 2015-லேயே பத்து வயசு வரை உள்ள பிள்ளைகளுக்கு ஹெடிங்கே வேண்டாம் என்று சொல்லி விட்டார்கள். நம்ம ஊர் கிரவுண்டில் எட்டு வயசுப் பையன்களை வரிசையில் நிறுத்தி பந்தைத் தூக்கிப் போட்டு முட்டச் சொல்வது இன்னும் நடக்கிறது. என்னைக் கேட்டால் இதை முதலில் நிறுத்தலாம். செலவே இல்லாத காரியம்.

ஆட்டம் நின்ற பிறகு

சத்யன் ஆட்டத்தை நிறுத்தியதும் தெருவில் நிற்கவில்லை. இந்தியன் வங்கி வேலை இருந்தது. வங்கி அணிக்குக் கோச்சாகவும் இருந்தார். மாசம் பிறந்தால் சம்பளம்.

2006-ம் ஆண்டு ஜூலை 18-ந்தேதி அவர் சென்னையில் தற்கொலை செய்து கொண்டார். வயது 41.

அப்போது வந்த செய்திகளில் மன உளைச்சல் என்றும், பழைய காயங்கள் என்றும் எழுதினார்கள். ஒரு மனுஷன் சாவுக்கு இதுதான் காரணம் என்று ஒரே ஒரு சீட்டு ஒட்டி விட முடியாது. நாமும் ஒட்ட வேண்டாம். மனசு பாரமாக இருக்கிறது, வாழப் பிடிக்கவில்லை என்று யாருக்காவது தோன்றினால் தமிழக அரசின் 104 எண்ணிலும், மத்திய அரசின் 14416 எண்ணிலும் எந்த நேரமும் பேசலாம். காசு கிடையாது.

அவர் இறந்ததற்கு ஒன்பது நாள் முன்னால்தான் பெர்லினில் உலகக் கோப்பை பைனல் நடந்தது. கோப்பையைத் தூக்கியவர் இத்தாலி கேப்டன் கன்னவாரோ. அவரும் ஸ்டாப்பர் பேக். டிபன்டர்களைப் பற்றி உலகமே பேசிய வாரம் அது.

ஆனால் ஒன்றைச் சொல்லியாக வேண்டும். பதினைந்து வயசில் இருந்து முப்பத்தி சொச்சம் வரைக்கும் காலை எழுந்தால் கிரவுண்டு, ஊரெல்லாம் டோர்னமென்ட், பேப்பரில் போட்டோ என்று வாழ்ந்த மனுஷன், ஒரு திங்கட்கிழமை காலை பத்து மணிக்கு மேஜை முன்னால் உட்கார வேண்டும். கூட வேலைக்குச் சேர்ந்தவர்கள் பரீட்சை எழுதி புரமோஷனில் மேலே போயிருப்பார்கள். விளையாட்டு கோட்டாவில் வந்தவருக்கு லெட்ஜர் புதுசு. இது யாருக்கும் நடக்கிறது. ஸ்டிரைக்கருக்காவது டீக்கடையில் பழைய கோலைப் பற்றிப் பேச நாலு பேர் வருவார்கள். சத்யனோடு போலீஸ் அணியில் ஆடிய ஐ.எம்.விஜயன் சினிமாவிலும் நடித்தார், 2003-ல் அர்ஜுனா விருது, 2025-ல் பத்மஸ்ரீ வாங்கினார். அவருக்குக் கிடைத்தது எல்லாம் நியாயமானதே. அதே அணியின் டிபன்டர்களில் எத்தனை பேரை தமிழ்நாட்டில் நமக்குத் தெரியும்?

சத்யனைப் பற்றி 2018-ல் மலையாளத்தில் 'கேப்டன்' என்று படம் வந்தது. ஜெயசூர்யா நடித்தார். பிரஜேஷ் சென் டைரக்டர். அந்தப் படத்துக்கும் இன்னொரு படத்துக்கும் சேர்த்து ஜெயசூர்யாவுக்கு கேரள அரசின் சிறந்த நடிகர் விருது கிடைத்தது. படம் வந்த பிறகுதான் இப்படி ஒரு கேப்டன் இருந்தார் என்று புதுத் தலைமுறைக்குத் தெரிந்தது.

வேலையா, ஒப்பந்தமா?

சத்யன் காலத்துக்கும் இன்றைக்கும் பெரிய வித்தியாசம் பணம். 2007-ல் ஐ-லீக் வந்தது. 2014-ல் ஐ.எஸ்.எல். வந்தது. டிபார்ட்மென்ட் அணிகள் பின்னுக்குப் போய், கிளப் ஒப்பந்தம் முன்னுக்கு வந்து விட்டது. வங்கி கிளார்க் பத்து வருஷத்தில் பார்க்கிற காசை நல்ல சென்டர் பேக் ஒரே சீசனில் பார்த்து விடலாம். வியாசர்பாடி, தூத்தூர் மாதிரி இடங்களில் இருந்து பையன்கள் இதை நம்பித்தான் வருகிறார்கள்.

ஆனால் ஒப்பந்தம் என்பது ஒரு வருஷம், ரெண்டு வருஷம். பென்ஷன் கிடையாது. கிளப் படுத்தால் ஆளும் படுக்க வேண்டியதுதான். கோவை நேரு ஸ்டேடியத்தையே சொந்த மைதானமாக வைத்து ஆடிய சென்னை சிட்டி அணி 2018-19 ஐ-லீக் சாம்பியன் ஆனது. கோவையே கொண்டாடியது. 2020-21 சீசனுக்குப் பிறகு அந்த அணி ஐ-லீக்கில் இல்லை. 2025 ஆகஸ்டில் ஐ.எஸ்.எல். நடக்குமா நடக்காதா என்று இழுபறி வந்தபோது பெங்களூரு எப்.சி. ஆட்டக்காரர்களின் சம்பளத்தை நிறுத்தி வைத்தது. சென்னையின் எப்.சி.யும் செயல்பாடுகளை நிறுத்தி வைப்பதாக அறிவித்தது. டிவியில் பார்க்கிற பெரிய ஆட்களுக்கே இந்த கதி.

அதனால் பழைய முறையே நல்லது என்று சொல்ல வரவில்லை. போலீஸ் வேலையும் வங்கி வேலையும் சோறு போட்டது. முட்டியைப் பார்த்துக் கொள்ளவில்லை, மனசையும் பார்த்துக் கொள்ளவில்லை. புது முறை முட்டியைப் பார்த்துக் கொள்கிறது. ஒப்பந்தம் இருக்கிற வரைக்கும்.

பையனை டிபன்டராக விடுகிறவர்கள் சில விஷயங்களைப் பார்த்துக் கொள்ளலாம். படிப்பை விட வேண்டாம், பிளஸ்-2 சர்டிபிகேட்டும் டிகிரியும் இருந்தால்தான் அரசு வேலையில் விளையாட்டு ஒதுக்கீட்டில் நல்ல இடம் கேட்க முடியும். மாநில அளவில் ஆடிய சர்டிபிகேட்டுகளை ஒரிஜினலாகப் பத்திரமாக வைத்திருக்க வேண்டும். முட்டியில் 'டப்' என்று சத்தம் கேட்டு வீங்கினால் எண்ணெய் தேய்த்து அடுத்த வாரம் இறக்கி விடாமல் எலும்பு டாக்டரிடம் காட்ட வேண்டும். தலையில் அடிபட்டு மயக்கம், வாந்தி வந்தால் அன்றைக்கு ஆட்டம் முடிந்தது, பைனலாக இருந்தாலும் சரி.

கிளப் ஒப்பந்தப் பேப்பர் கைக்கு வந்தால் சம்பளத் தொகையை மட்டும் பார்த்து விட்டுக் கையெழுத்து போடாதீங்க. காயத்தில் வீட்டில் இருக்கும் மாசங்களுக்கு சம்பளம் உண்டா, ஆபரேஷன் செலவு யாருடையது, இன்சூரன்ஸ் இருக்கிறதா, பாதியில் அனுப்பினால் எத்தனை மாசப் பணம் தருவார்கள் என்ற நாலு கேள்விக்கும் அந்தப் பேப்பரிலேயே பதில் இருக்க வேண்டும். இங்கிலீஷ் புரியவில்லை என்றால் ஒரு வக்கீலிடம் காட்டிப் படிக்கச் சொல்லலாம். இந்திய கால்பந்து வீரர்களுக்கு என்று 2006-ல் தொடங்கிய எப்.பி.ஏ.ஐ. என்ற சங்கமும் இருக்கிறது, அவர்களிடமும் கேட்கலாம்.